உதவிப் பேராசிரியர் விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டால் நீதிமன்றம் போகலாமா?

உங்கள் கேள்வியை முதலில் சுருக்கிக்கொள்கிறேன். வரலாற்றுப் பாடத்தில் 2007-ல் பிஎச்.டி. பதிவு செய்து 2012-ல் பட்டம் வாங்கியிருக்கிறீர்கள். நெட், செட் (தேசிய, மாநில அளவிலான கல்லூரி ஆசிரியர் தகுதித் தேர்வுகள்) எதுவும் இல்லை. ஒரு கல்லூரியில் கௌரவ விரிவுரையாளராக இருக்கிறீர்கள். மாநிலப் பல்கலைக்கழகம் ஒன்று வரலாற்றுத் துறையில் இரண்டு உதவிப் பேராசிரியர் இடங்களுக்கு விளம்பரம் செய்தது: ஒன்று பொதுப்பிரிவு, மற்றது எம்பிசி. நீங்கள் எம்பிசி. விண்ணப்பித்தீர்கள். இணையதளத்தில் போட்ட பட்டியலில் உங்கள் பெயருக்கு நேரே 'தகுதி இல்லை' என்று இரண்டே சொல். பட்டியல் வந்து நான்கு மாதம் ஆகிறது. பொதுப்பிரிவு இடத்துக்குத் தேர்வானவர் போன மாதம் சேர்ந்துவிட்டார். எம்பிசி இடத்தைத் தகுதியானவர் கிடைக்கவில்லை என்று காலியாக வைத்திருக்கிறார்கள். உங்கள் நண்பர் நேர்காணல் வரை போய், தேர்வாகவில்லை. தேர்வானவரைவிடத் தன்னிடம் இரண்டு மடங்கு கட்டுரைகள் இருக்கின்றன என்கிறார். இருவரும் சேர்ந்து ரிட் (அரசு அமைப்பின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போடலாமா, போட்டால் ஜெயிக்குமா என்று கேட்கிறீர்கள்.

சேர்ந்து போடாதீர்கள். உங்கள் இரண்டு பேருடைய மனக்குறையும் ஒன்றுபோலத் தெரியலாம். நீதிமன்றத்துக்கு அவை இரண்டு தனி வழக்குகள். உங்களுடையது நல்ல வழக்கு, ஆனால் தாமதமாகிவிட்டது. நண்பருடையது, இப்போது அவர் சொல்லும் காரணத்தோடு மட்டும் போனால், அட்மிஷன் நிலையிலேயே, அதாவது மனுவை விசாரணைக்கு ஏற்பதா என்று பார்க்கும்போதே, தள்ளுபடியாகிவிடும்.

மாநிலப் பல்கலைக்கழகம் அரசமைப்புச் சட்டத்தின் 12-ஆவது பிரிவின்படி 'அரசு' என்ற வரையறைக்குள் வருகிறது. அதனால் 226-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் நேராக ரிட் மனு போடலாம். பல்கலைக்கழகம் எந்த மாவட்டத்தில் இருக்கிறது என்பதைப் பொறுத்து சென்னையிலோ மதுரைக் கிளையிலோ. அதில் சிக்கல் இல்லை. சிக்கல், நீதிபதி எதைப் பார்ப்பார், எதைப் பார்க்க மாட்டார் என்பதில் இருக்கிறது. இரண்டு விண்ணப்பதாரர்களில் யார் பெரிய அறிஞர் என்று அவர் பார்க்க மாட்டார். விளம்பரத்திலும் விதிமுறையிலும் எழுதியிருப்பதை மீறினார்களா என்று பார்ப்பார்.

இந்தக் கோடு புதிதல்ல. மைசூர் பல்கலைக்கழகத்தில் ஆங்கில ரீடர் (இன்றைய இணைப் பேராசிரியர் போன்றது) பதவிக்கு ஒருவர் தேர்வானார். அவருக்குத் தகுதி போதாது என்று இன்னொருவர் வழக்குப் போட, உயர் நீதிமன்றம் நியமனத்தை ரத்து செய்தது. 1963-ல் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை மாற்றியது. நிபுணர்கள் அடங்கிய குழு ஒரு கல்வி விஷயத்தில் கருத்துச் சொன்னால், அவர்கள் மீது உள்நோக்கக் குற்றச்சாட்டு எதுவும் இல்லாதபோது, நீதிமன்றம் தலையிடத் தயங்க வேண்டும் என்றார் நீதிபதி கஜேந்திரகட்கர். அறுபது ஆண்டுகளாகப் பல்கலைக்கழகங்கள் போடும் பதில் மனுக்களில் பெரும்பாலானவை இந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டித்தான் ஆரம்பிக்கின்றன. உங்கள் வழக்கிலும் வரும், எதிர்பார்த்திருங்கள்.

ஆனால் நிபுணர் குழு என்று சொல்லிவிட்டால் எதையும் செய்துவிடலாம் என்று பொருளில்லை. குல்பர்கா பல்கலைக்கழகத்தில் எம்சிஏ (கணினிப் பயன்பாட்டு முதுகலை) துறைக்கு விரிவுரையாளர் வேண்டும் என்று விளம்பரம். தொடர்புடைய பாடத்தில் முதுகலை வேண்டும் என்பது நிபந்தனை. கணிதத்தில் எம்.எஸ்சி. படித்தவரை நியமித்தார்கள். எம்சிஏ-வில் கணிதமும் ஒரு பாடமாக இருக்கிறதே என்றது பல்கலைக்கழகத் தரப்பு. ஒரு பாடத்திட்டத்தில் கணிதத் தாள் இருப்பதனால் மட்டும் கணித முதுகலை அந்தத் துறைக்குரிய பட்டமாகிவிடாது என்று உச்ச நீதிமன்றம் அந்த நியமனத்தை ஏற்க மறுத்தது. நிபுணர் கருத்துக்கு மரியாதை உண்டு, விளம்பரத்தில் இருக்கும் நிபந்தனையைக் கரைத்துவிடும் அளவுக்கு இல்லை.

இனி உங்கள் விஷயம். நெட் இல்லாத பிஎச்.டி. என்பதுதான் நிராகரிப்புக்குக் காரணமாக இருக்க வேண்டும், வேறு எதுவும் தோன்றவில்லை. இது கொஞ்சம் நீளமான கதை, பொறுமையாகப் படியுங்கள், ஏனென்றால் உங்கள் வழக்கே இதில்தான் நிற்கிறது.

2009 ஜூலை 11 அன்று யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) இரண்டு விதிமுறைகளை அரசிதழில் கொண்டுவந்தது. ஒன்று பிஎச்.டி., எம்.பில். பட்டங்களை எப்படி வழங்க வேண்டும் என்பது பற்றியது. மற்றது, நெட் அல்லது மாநிலத் தகுதித் தேர்வு கட்டாயம், அந்தப் புதிய முறைப்படி பிஎச்.டி. வாங்கியவர்களுக்கு மட்டும் விலக்கு என்றது. பழைய முறையில் பதிவு செய்து ஆய்வு செய்துகொண்டிருந்த ஆயிரக்கணக்கானவர்கள் நடுவில் மாட்டிக்கொண்டார்கள். அவர்களுக்கும் விலக்குத் தரலாம் என்று யுஜிசியே 2010-ல் தீர்மானம் போட்டது. மத்திய அரசு சம்மதிக்கவில்லை. வழக்கு பல உயர் நீதிமன்றங்களுக்குப் போனது. சென்னை, டெல்லி, ராஜஸ்தான் நீதிமன்றங்கள் ஒரு பக்கம், அலகாபாத் நீதிமன்றம் எதிர்ப்பக்கம். கடைசியில் 2015 மார்ச்சில் பி. சுசீலா வழக்கில் உச்ச நீதிமன்றம் அரசின் பக்கம் தீர்ப்பளித்தது: நியமனத்தின்போது என்ன தகுதி நடைமுறையில் இருக்கிறதோ அதுதான் பொருந்தும், பழைய தகுதியிலேயே வேலை கிடைக்கும் என்று எதிர்பார்த்தது உரிமை ஆகாது என்று.

பலர் அந்தத் தீர்ப்போடு கதை முடிந்ததாக நினைக்கிறார்கள். விண்ணப்பங்களை முதலில் சரிபார்க்கும் ஸ்கிரீனிங் கமிட்டியில் உட்காருகிறவர்களிலும் அப்படி நினைப்பவர்கள் உண்டு. ஆனால் 2016 ஜூலையில் யுஜிசி விதிமுறையைத் திருத்தியது. 2009 ஜூலை 11-க்கு முன் பதிவு செய்தவர்களுக்கு, ஐந்து நிபந்தனைகள் நிறைவேறினால் நெட் தேவையில்லை. பட்டம் ரெகுலர் முறையில் வாங்கியதாக இருக்க வேண்டும். ஆய்வேட்டைக் குறைந்தது இரண்டு வெளித் தேர்வாளர்கள் மதிப்பிட்டிருக்க வேண்டும். வாய்மொழித் தேர்வு பொதுவில் நடந்திருக்க வேண்டும். ஆய்விலிருந்து இரண்டு கட்டுரைகள் வெளியாகி, அதில் ஒன்றாவது மதிப்பீட்டுக்கு உட்பட்ட இதழில் வந்திருக்க வேண்டும். கருத்தரங்குகளில் இரண்டு கட்டுரைகள் வாசித்திருக்க வேண்டும். இவ்வளவையும் பல்கலைக்கழகம் சான்றளிக்க வேண்டும். இந்த விலக்கு 2018 விதிமுறைகளிலும் தொடர்கிறது. கேரளப் பல்கலைக்கழகம் சம்பந்தப்பட்ட ஒரு வழக்கில் 2022-ல் உச்ச நீதிமன்றம், 2016 திருத்தம் விளக்கம் தரும் தன்மையுடையது, முன்தேதியிட்டும் பொருந்தும் என்று சொல்லிவிட்டது.

இடையில் இன்னொரு குழப்பம். 2018 விதிமுறை, பல்கலைக்கழகத் துறைகளில் உதவிப் பேராசிரியருக்கு 2021 ஜூலை முதல் பிஎச்.டி. கட்டாயம் என்றது. கொரோனாவால் அதை 2023 ஜூலைக்குத் தள்ளினார்கள். அந்தத் தேதி வந்தபோது கட்டாயத்தையே எடுத்துவிட்டு நெட், செட், ஸ்லெட் (இதுவும் மாநிலத் தகுதித் தேர்வுதான்) குறைந்தபட்சத் தகுதி, பிஎச்.டி. விருப்பத் தகுதி என்று மாற்றினார்கள். இதைப் படித்துவிட்டு 'இனி பிஎச்.டி.யால் நெட் விலக்கு கிடையாது' என்று முடிவுகட்டிய அலுவலகங்கள் உண்டு. உங்கள் விளம்பரம் எந்தத் தேதியில் வந்தது, எந்த விதிமுறையைக் குறிப்பிட்டது, விலக்குப் பத்தியை அப்படியே எடுத்துப் போட்டதா என்று வரி வரியாகப் பாருங்கள். உங்கள் முதல் ஆவணம் அந்த விளம்பரம்தான்.

அடுத்தது அந்த ஐந்து அம்சச் சான்றிதழ். அதை விண்ணப்பத்தோடு வைத்தீர்களா? இதற்கு நீங்கள் பதில் எழுதவில்லை. வைத்திருந்தால் உங்கள் வழக்கு நேரானது: சான்றிதழ் கையில் இருந்தும் பார்க்காமல் நிராகரித்திருக்கிறார்கள். வைக்கவில்லையென்றால் நீதிபதி முதலில் உங்களிடம்தான் கேட்பார். தகுதியைக் கடைசித் தேதிக்குள் பெற்றிருக்க வேண்டும் என்பது ராஜஸ்தான் பல்கலைக்கழக வழக்கில் 1993-லேயே தீர்ந்துபோன விஷயம். ஆனால் தகுதி வேறு, தகுதிக்கான சான்று வேறு. 2012-ல் பட்டம் வாங்கியபோதே தகுதி வந்துவிட்டது, சான்றிதழ் அதை உறுதிப்படுத்தும் தாள் மட்டுமே என்று வாதிடலாம். விளம்பரத்தில் 'சான்றிதழ் இணைக்காத விண்ணப்பம் நிராகரிக்கப்படும்' என்று தெளிவாக எழுதியிருந்தால் அந்த வாதம் பலவீனமாகும். எழுதாமல் விட்டிருந்தால் உங்களுக்கு இடமிருக்கிறது.

மாநிலப் பல்கலைக்கழகத்தை யுஜிசி விதிமுறை கட்டுப்படுத்துமா என்ற கேள்வியையும் எதிர்த் தரப்பு எழுப்பலாம். மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் நியமன வழக்கில் 2015-ல் உச்ச நீதிமன்றம், மாநில அரசு ஏற்றுக்கொண்டால்தான் கட்டுப்படுத்தும் என்றது. 2022-ல் குஜராத் சர்தார் படேல் பல்கலைக்கழக வழக்கில் யுஜிசி விதிமுறைதான் மேலோங்கும் என்றது. இரண்டுமே துணைவேந்தர் வழக்குகள்தான், ஆனால் ஆசிரியர் நியமன வழக்குகளிலும் எடுத்துப்போடுவார்கள். விளம்பரமே 'யுஜிசி விதிமுறைப்படி' என்று சொன்னால் இந்தச் சண்டையே தேவையில்லை.

'தகுதி இல்லை' என்ற இரண்டு சொல்லைப் பற்றியும் ஒன்று. ஓர் ஆணை அது பிறந்தபோது சொன்ன காரணத்தில்தான் நிற்க வேண்டும், பின்னால் பிரமாணப் பத்திரத்தில் புதுக் காரணம் சேர்த்து அதைக் காப்பாற்ற முடியாது என்பது 1977-ல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் வந்த கொள்கை. காரணமே சொல்லாமல் நிராகரித்துவிட்டு, வழக்கு வந்த பிறகு கமிட்டி மினிட்ஸில் (கூட்டக் குறிப்பில்) தேடிக் காரணம் எடுத்துவந்தால் இதைச் சொல்லி எதிர்க்கலாம். ஆட்சேபம் தெரிவிக்க அவகாசம் கொடுத்தார்களா என்பதும் முக்கியம். சில பல்கலைக்கழகங்கள் தற்காலிகப் பட்டியல் போட்டு ஏழு நாளோ பத்து நாளோ தருவார்கள். அந்த நாட்களில் நீங்கள் ஒரு மின்னஞ்சலாவது அனுப்பியிருந்தால் அதைப் பத்திரமாக வையுங்கள், பெரிய பலம். அனுப்பவில்லையென்றால், ஏன் அனுப்பவில்லை என்ற கேள்விக்குப் பதில் தயார் செய்யுங்கள்.

தாமதம். ரிட் மனுவுக்குச் சட்டத்தில் காலக்கெடு கிடையாது என்று யாராவது சொன்னால் நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். தேர்வு வழக்குகளில் வாரக் கணக்குதான். பட்டியல் வந்த வாரமே போயிருந்தால் வழக்கமாக ஓர் இடைக்கால உத்தரவு கிடைக்கும்: மனுதாரரைத் தற்காலிகமாக நேர்காணலில் அனுமதியுங்கள், முடிவை உறையிட்டு வையுங்கள். அதோடு பாதி வேலை முடிந்திருக்கும். இப்போது நேர்காணலும் முடிந்து, ஒருவர் சேர்ந்தும்விட்டார். சேர்ந்தவரை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் அவர் நியமனத்தை ரத்து செய்யக் கேட்டால் மனு நிற்காது. பாதிக்கப்படப் போகிறவரைக் கேட்காமல் தீர்ப்புச் சொல்ல முடியாது. சேர்த்தாலும், அவர் மீது எந்தத் தவறும் இல்லாதபோது நீதிபதிக்கு மனம் வராது. மேலே சொன்ன ராஜஸ்தான் பல்கலைக்கழக வழக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். தேர்வு சட்டப்படி சரியில்லை என்று உச்ச நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. ஆனால் தேர்வானவர்கள் அதற்குள் பல ஆண்டுகள் வேலை பார்த்துவிட்டார்கள், இப்போது வெளியே அனுப்புவது நியாயமல்ல என்று அவர்களை விட்டுவிட்டது. வழக்குப் போட்டவருக்குச் சட்டத்தில் வெற்றி, கையில் ஒன்றும் இல்லை.

உங்களைக் காப்பாற்றக்கூடியது அந்தக் காலி எம்பிசி இடம். யாரையும் வெளியேற்றக் கேட்காதீர்கள். நிராகரிப்பை ரத்து செய்து, காலியாக இருக்கும் இடத்துக்கு என் விண்ணப்பத்தைச் சட்டப்படி பரிசீலித்து நேர்காணலுக்கு அழைக்க வேண்டும், அதுவரை அந்த இடத்தை மறுவிளம்பரம் செய்யக் கூடாது என்று மட்டும் கேளுங்கள். தகுதியானவர் கிடைக்கவில்லை என்று சொன்ன பல்கலைக்கழகம், தகுதியான ஒருவரை வாசலிலேயே நிறுத்தியிருக்கிறது என்பதை நீதிபதிக்கு விளக்க அதிக நேரம் ஆகாது. 'எனக்கு வேலை கொடுக்கச் சொல்லுங்கள்' என்று கேட்டால் கிடைக்காது. தேர்வுப் பட்டியலில் பெயர் வந்தவருக்கே நியமனம் அசைக்க முடியாத உரிமையல்ல என்று 1991-ல் அரசியல் சாசன அமர்வு சொல்லியிருக்கிறது. நீங்கள் பட்டியலுக்கே வரவில்லை. நியாயமாகப் பரிசீலிக்கப்படுவதுதான் உங்கள் உரிமை. அதற்கு மேல் கேட்கும் மனுக்கள் பல அந்த ஒரு வரியாலேயே கெட்டுப்போகின்றன.

இப்போது நண்பர்.

கட்டுரை எண்ணிக்கை வாதத்தை அவர் மறந்துவிடலாம். 2018 விதிமுறையில் பல்கலைக்கழக உதவிப் பேராசிரியருக்கு நூறு மதிப்பெண் அட்டவணை இருக்கிறது: பிஎச்.டி.க்கு 30, முதுகலைக்கு அதிகபட்சம் 25, இளங்கலைக்கு 15, ஆய்வுக் கட்டுரைகளுக்கு 10, கற்பித்தல் அனுபவத்துக்கு 10 என்று போகும். கட்டுரைக்கு இரண்டு மதிப்பெண். அதாவது ஐந்து கட்டுரைக்கு மேல் ஐம்பது இருந்தாலும் அதே பத்துதான். அந்தப் பத்தும்கூட நேர்காணலுக்கு யாரை அழைப்பது என்று முடிவு செய்ய மட்டுமே. இறுதித் தேர்வு முழுக்க நேர்காணலை வைத்துத்தான் என்று விதிமுறையே சொல்கிறது. இது நல்ல முறை என்று நான் சொல்லவில்லை. பத்தாண்டு உழைப்பைப் பதினைந்து நிமிடப் பேச்சிடம் ஒப்படைக்கிற முறை, முறைகேட்டுக்குக் கதவு திறந்து வைத்திருக்கிற முறை என்பதே என் எண்ணம். ஆனால் அதை எதிர்க்க விதிமுறையையே எதிர்த்து வழக்குப் போட வேண்டும், அது வேறு பெரிய போர்.

கண்ணூர் பல்கலைக்கழக வழக்கு இதற்குச் சரியான உதாரணம். மலையாளத் துறையில் இணைப் பேராசிரியர் பதவி. முதலிடம் பெற்றவரின் ஆய்வு மதிப்பெண் 156, இரண்டாமிடக்காரருக்கு 651. நேர்காணலில் முன்னவருக்கு 32, பின்னவருக்கு 30. முதலிடம் பெற்றவர் முதலமைச்சர் அலுவலகத்தில் முக்கியப் பொறுப்பில் இருந்த ஒருவரின் மனைவி என்பதால் கேரளமே கொதித்தது. தொலைக்காட்சி விவாதங்கள் முழுவதும் 651-ஐயும் 156-ஐயும் பற்றித்தான். ஆனால் நீதிமன்றத்தில் நடந்த சண்டை வேறு. பதவிக்குத் தேவையான எட்டு ஆண்டு கற்பித்தல் அனுபவம் முதலிடக்காரருக்கு இருக்கிறதா, ஆய்வு விடுப்பில் பிஎச்.டி. செய்த காலமும் மாணவர் நலப் பணியில் இருந்த காலமும் கற்பித்தலாகக் கணக்கில் வருமா என்பதுதான் கேள்வி. 2022 நவம்பரில் தனி நீதிபதி வராது என்றார். 2023 ஜூனில் டிவிஷன் பெஞ்ச் (இரு நீதிபதிகள் அமர்வு) வரும் என்றது. பிறகு உச்ச நீதிமன்றத்துக்கும் போனது. இரண்டாமிடக்காரரின் வழக்கறிஞர்கள் புத்திசாலிகள்; 'என் கட்சிக்காரர் சிறந்தவர்' என்பதை மேடையில் பேச விட்டுவிட்டு, நீதிமன்றத்தில் தகுதி விதியைப் பிடித்தார்கள்.

உங்கள் நண்பரும் அதைத்தான் தேட வேண்டும். தேர்வானவருக்கு விளம்பரம் கேட்ட ஒவ்வொரு தகுதியும் கடைசித் தேதியில் இருந்ததா? தேர்வுக்குழு சரியாக அமைந்ததா? துணைவேந்தர் அல்லது அவர் நியமித்தவர் தலைமை, வேந்தரின் பிரதிநிதி ஒருவர், பாட நிபுணர்கள் மூவர், டீன், துறைத் தலைவர் என்று அமைப்பு இருக்கிறது. கோரம், அதாவது இருந்தே ஆக வேண்டிய குறைந்தபட்ச உறுப்பினர்கள், நான்கு பேர், அதில் இரண்டு பேர் வெளியிலிருந்து வந்த பாட நிபுணர்களாக இருக்க வேண்டும். ஒரே ஒரு வெளி நிபுணரை வைத்துக்கொண்டு நேர்காணலை முடித்த இடங்கள் உண்டு. அது நிரூபணமானால் தேர்வே விழும். விண்ணப்பதாரர்களில் எஸ்சி, எஸ்டி, ஓபிசி, சிறுபான்மையினர், பெண்கள், மாற்றுத்திறனாளிகள் இருந்து, குழுவில் அந்தப் பிரிவினர் யாரும் இல்லையென்றால் ஒருவரைச் சேர்க்க வேண்டும் என்பதும் விதி. இதை அடிக்கடி மறப்பார்கள்.

குழுவில் யார் இருந்தார் என்பதும் பார்க்க வேண்டியதே. தேர்வானவரின் பிஎச்.டி. நெறியாளரே நிபுணராக உட்கார்ந்திருந்தால்? 1969-ல் கிரைபாக் வழக்கில், தானே விண்ணப்பதாரராக இருந்த வனத்துறை அதிகாரி தேர்வுக்குழுவிலும் உட்கார்ந்திருந்தார். தன் பெயர் வந்தபோது எழுந்து போனார் என்பதை உச்ச நீதிமன்றம் சமாதானமாக ஏற்கவில்லை. உண்மையில் பாரபட்சம் நடந்ததா என்று நிரூபிக்கத் தேவையில்லை, நடந்திருக்க நியாயமான வாய்ப்பு இருந்தாலே போதும் என்றது. ஆனால் நெறியாளர் உறவு இரத்த உறவு மாதிரி தானாகவே பாரபட்சம் ஆகிவிடாது. சிறிய துறைகளில் எல்லோரும் யாருடைய மாணவராகவோ இருப்பார்கள் என்று பல்கலைக்கழகம் சொல்லும், அதில் உண்மையும் இருக்கிறது. கூட்டாகக் கட்டுரை எழுதியது, இன்னும் ஒரே ஆய்வுத்திட்டத்தில் இருப்பது என்று கூடுதலாக எதாவது வேண்டும்.

இதில் ஒரு பொறி உண்டு. குழுவைக் கண்ணால் பார்த்துவிட்டு, மறுப்புத் தெரிவிக்காமல் நேர்காணல் கொடுத்து, தேர்வாகாத பிறகு குழு சரியில்லை என்று வந்தால், 1995-ன் மதன் லால் தீர்ப்பைக் காட்டி அனுப்பிவிடுவார்கள். வாய்ப்பைப் பயன்படுத்திப் பார்த்துவிட்டு முடிவு பிடிக்காததால் குறை சொல்லக் கூடாது என்பது அதன் சாரம். இதற்கு மாற்றாக 2019-ல் பீகார் மருத்துவர்கள் தேர்வு பற்றிய மீட்டா சகாய் வழக்கில், கலந்துகொண்டதனால் நடைமுறையை ஏற்றதாகச் சொல்லலாம், அதிலிருக்கும் சட்டமீறலையும் ஏற்றதாகச் சொல்ல முடியாது என்று உச்ச நீதிமன்றம் விலக்குக் கொடுத்தது. கோரம் குறைவு இந்த விலக்கில் வரும் என்று வாதிடலாம். 'நிபுணருக்கு என் பாடம் தெரியாது' என்பது வராது.

எனக்கு ஏன் குறைந்த மதிப்பெண், காரணம் எழுதவில்லையே என்ற வாதமும் ஓடாது. பெங்களூரு நிம்ஹான்ஸ் (தேசிய மனநல, நரம்பியல் நிறுவனம்) வழக்கில், விதி கேட்டாலொழியத் தேர்வுக்குழு காரணம் எழுத வேண்டியதில்லை என்று தீர்ந்துவிட்டது. ஆனால் விளம்பரத்துக்குப் பிறகு தேர்வு முறையை மாற்றினார்களா என்று பாருங்கள். உதாரணமாக, நேர்காணலில் குறைந்தபட்ச மதிப்பெண் என்று முதலில் சொல்லாததைப் பின்னால் கொண்டுவந்திருந்தால், 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தேஜ் பிரகாஷ் பாதக் வழக்கில் உறுதிப்படுத்திய கொள்கை அவருக்கு உதவும்: விதிமுறையோ விளம்பரமோ அனுமதித்தாலொழிய ஆட்டத்தின் நடுவில் விதியை மாற்றக் கூடாது.

இவ்வளவையும் தெரிந்துகொள்ள ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமைச் சட்டம்). உங்கள் விண்ணப்பம் பற்றிய ஸ்கிரீனிங் கமிட்டிக் குறிப்பு, தேர்வுக்குழு அமைத்த ஆணை, அன்றைய வருகைப் பதிவு, ஒவ்வொருவருக்கும் அளித்த மதிப்பெண், இனச்சுழற்சிப் பதிவேட்டின் (எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்ற கணக்கு) சம்பந்தப்பட்ட பக்கம் ஆகியவற்றைத் தனித்தனியாகக் கேளுங்கள். குழு உறுப்பினர் பெயர்களைத் தர மறுக்கலாம். பீகார் தேர்வாணைய வழக்கில் 2012-ல் உச்ச நீதிமன்றம் அதற்கு இடம் கொடுத்திருக்கிறது. மற்றவர்களின் மதிப்பெண்ணைத் தனிநபர் தகவல் என்று மறுப்பது 2023 தரவுப் பாதுகாப்புச் சட்டம் ஆர்டிஐ சட்டத்தின் 8-ஆவது பிரிவைத் திருத்திய பிறகு இன்னும் சுலபமாகிவிட்டது. பதிலுக்கு முப்பது நாள், மேல்முறையீட்டுக்கு இன்னொரு முப்பது நாள். நண்பர் காத்திருக்கலாம், அவருக்குக் காரணமே அதில்தான் கிடைக்க வேண்டும். நீங்கள் காத்திருக்காதீர்கள். ஆர்டிஐ மனுவை இன்றே போட்டுவிட்டு, பதிவாளருக்கு ஒரு கோரிக்கை மனு பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, அந்த இரண்டு ரசீதுகளோடும் வழக்கைத் தொடங்குங்கள். வழக்கு நடக்கும்போது ஆவணங்களைத் தாக்கல் செய்யச் சொல்லி நீதிமன்றத்திடமே கேட்கலாம்.

ஒரு பயமும் இருக்கிறது. பல தேர்வு வழக்குகள் 'மனுதாரரின் கோரிக்கையை எட்டு வாரத்துக்குள் பரிசீலித்து ஆணையிட வேண்டும்' என்று முதல் நாளே முடித்துவைக்கப்படும். கேட்பதற்கு வெற்றி மாதிரி இருக்கும். எட்டு வாரம் கழித்து அதே நிராகரிப்பு நான்கு பக்கக் காரணத்தோடு வரும், மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும், அதற்குள் மறுவிளம்பரம் வந்துவிடும். அப்படி ஓர் உத்தரவு வரும் என்று தெரிந்தால், அதுவரை அந்த இடத்தை நிரப்பக் கூடாது என்ற வரியை அதில் சேர்க்கச் சொல்லி உங்கள் வழக்கறிஞரை வற்புறுத்துங்கள். தனி நீதிபதி எதிராகத் தீர்ப்பளித்தால் முப்பது நாளுக்குள் அதே நீதிமன்றத்தில் ரிட் அப்பீல் போடலாம்.

இனச்சுழற்சி பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் நண்பருக்கு ஒரு வேளை உதவும். தமிழ்நாட்டில் 69 சதவீத இட ஒதுக்கீடும் 200 புள்ளி சுழற்சியும் எல்லோருக்கும் தெரிந்தவை. எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்பதை எதை அலகாக வைத்து முடிவு செய்தார்கள் என்பதில் தவறு நடக்கும். மத்தியப் பல்கலைக்கழகங்களில் துறையை அலகாகக் கொள்ள வேண்டும் என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2017-ல் சொல்ல, நாடு முழுக்கப் போராட்டம் வெடித்து, கடைசியில் 2019-ல் பல்கலைக்கழகமே அலகு என்று நாடாளுமன்றம் சட்டம் போட வேண்டியதாயிற்று. மாநிலப் பல்கலைக்கழகத்துக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. ஆனாலும் விளம்பரத்தில் சுழற்சி தவறாக இருந்தால் அதை நேர்காணலுக்கு முன்பே எதிர்க்க வேண்டியிருந்தது, இப்போது மதன் லால் குறுக்கே நிற்கும்.

கடைசியாக, வழக்குப் போட்டால் இனி எந்தப் பல்கலைக்கழகமும் எடுக்காது, கௌரவ விரிவுரையாளர் வேலையும் போய்விடும் என்று உங்கள் துறைத் தலைவர் சொன்னதாக எழுதியிருந்தீர்கள். வழக்குப் போட்டதற்காக ஒருவரை அடுத்த விளம்பரத்தில் நிராகரிக்கச் சட்டத்தில் இடமில்லை. நடைமுறையில், நேர்காணல் அறையில் யார் மனதில் என்ன இருக்கிறது என்று யாராலும் உத்தரவாதம் தர முடியாது. ஆனால் நான் பார்த்தவரையில், யாரையும் வசைபாடாமல் ஆவணத்தோடு போடப்பட்ட வழக்கைப் பல்கலைக்கழக அலுவலகங்கள் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை, அவர்களுக்கு அது இன்னொரு கோப்பு. மனுவில் துணைவேந்தர் பணம் வாங்கினார் என்று ஆதாரமில்லாமல் எழுதுகிறவர்கள்தான் நினைவில் நிற்கிறார்கள், அவர்களுடைய மனுவும் அதனாலேயே பலவீனப்படுகிறது. உங்கள் மனுவில் அப்படி ஒரு வரிகூட தேவையில்லை. விளம்பரத்தின் நகல், 2007 பதிவுக் கடிதம், 2012 பட்டம், ஐந்து அம்சச் சான்றிதழ், அந்த 'தகுதி இல்லை' பட்டியல்: இவை இருந்தால் போதும். ஐந்து அம்சச் சான்றிதழ் இன்னும் வாங்கவில்லையென்றால், வழக்கறிஞரைப் பார்ப்பதற்கு முன் உங்களுக்குப் பட்டம் தந்த பல்கலைக்கழகத்துக்குப் போய் அதை வாங்கிவிடுங்கள்.